அசோலா குட்டை நடை: பெரிய ஏரியை விடச் சிறிய பள்ளத்துக்கே நேரம் கேளுங்கள்

தெற்குத் தில்லியின் அசோலா பட்டி வனவிலங்குச் சரணாலயத்துக்குள் ஞாயிறு காலைகளில் ஆட்களை நடத்திக் கூட்டிப்போகும் சிறிய குழு ஒன்று இருக்கிறது. முன்கூட்டியே சொல்லிவைத்தால் தமிழில் விளக்கும் வழிகாட்டியை அனுப்புகிறார்கள். தலைக்கு 600 ரூபாய். ராமகிருஷ்ணபுரத்திலிருந்து வேன், காலைச் சிற்றுண்டி, காட்டுக்குள் மூன்று மணி நேர நடை எல்லாம் அதற்குள் அடக்கம். கொடுத்த பணத்துக்குத் தகுமா என்றால் தகும். வழிகாட்டியாக வந்த இளைஞருக்காகவே தகும். ஆனால் அந்த மூன்று மணி நேரத்தை அவர்கள் பங்கிட்டிருக்கும் விதம் சரியில்லை. காட்ட வேண்டியதற்குப் பத்து நிமிடமும், பார்த்துவிட்டு நகர்ந்திருக்க வேண்டியதற்கு ஒரு மணி நேரமும் கொடுக்கிறார்கள்.

குழுவின் பெயரை இங்கே எழுதவில்லை. குறைகளை அவர்களுக்கே நேரடியாக எழுதி அனுப்பிவிட்டேன். இத்தகைய நடைக்குப் பணம் கட்டுகிறவர்கள் எதைக் கேட்டு வாங்க வேண்டும் என்பதற்காகத்தான் இந்த மதிப்புரை. தில்லியில் உயிரியல் பாடம் நடத்தும் ஆசிரியை நான். நீர்நிலை என்றால் கொஞ்சம் அதிகமாகவே கேள்வி கேட்பேன்.

முதலில் இடம். அசோலா, சாகூர்பூர், மைதான்கடி கிராமங்களின் நிலம் 1986இல் சரணாலயமாக அறிவிக்கப்பட்டது. 1991இல் பட்டி கிராமத்து நிலமும் சேர்ந்தது. மொத்தம் 32.71 சதுர கிலோமீட்டர். ஆரவல்லி மலைத்தொடர் தில்லிக்குள் நுழையும் தெற்கு முனை இது. அடியில் இருப்பது குவார்ட்சைட் பாறை, நூறு கோடி ஆண்டுகளுக்கும் மேற்பட்டது. அந்தப் பாறை நொறுங்கிக் கிடைக்கும் சிவந்த பருமணலுக்குத் தில்லியில் பதர்பூர் என்று பெயர். இந்த நகரத்தில் எழுந்த வீடுகளின் பூச்சிலும் தரையிலும் அந்த மணல் இருக்கிறது. அதை அள்ளுவதற்காகத்தான் பட்டிப் பக்கத்து நிலத்தைப் பல ஆண்டுகள் தோண்டினார்கள். 1990களின் தொடக்கத்தில் சுரங்க வேலை நின்றது. பள்ளங்கள் அப்படியே கிடந்தன. அவற்றில் மழைநீர் தேங்கியது, பாறை இடுக்குகளில் ஊறும் நீரும் சேர்ந்தது. அப்படி உருவானவையே இன்று ஏரி என்று அழைக்கப்படும் நீர்நிலைகள். பரத்வாஜ் ஏரி அவற்றில் பெயர் பெற்ற ஒன்று.

வேனில் இருபத்தைந்து பேர் வந்திருந்தோம். அதுவே அதிகம். என்னோடு அப்பாவும் வந்தார். எங்கள் சொந்த ஊர் அரியலூர் மாவட்டத்தில் இருக்கிறது. சுண்ணாம்புக்கல் வெட்டியெடுத்த சிமென்ட் ஆலைப் பள்ளங்களில் தண்ணீர் நிற்பதைப் பார்த்தே வளர்ந்தவர் அப்பா. பள்ளத்து நீர் ஏரி நீரைப் போல இருக்காது, கரையிலிருந்து ஓரடி வைத்தால் ஆளை விழுங்கும் ஆழம் இருக்கும் என்று வேனில் ஏறியதிலிருந்தே பிள்ளைகளை எச்சரித்துக்கொண்டு வந்தார். நடை தொடங்கும் முன் வழிகாட்டியும் அதையே சொன்னார். நீர் விளிம்பிலிருந்து இரண்டு ஆள் தூரம் தள்ளியே நிற்க வேண்டும், அவர் காட்டும் இடத்தில் மட்டும் கிட்டே போகலாம் என்றார். யாராவது மீறினால் நடையை அங்கேயே நிறுத்திவிட்டார். இந்தக் கண்டிப்புக்கு முழு மதிப்பெண்.

காட்டுக்குள் நுழைந்ததும் அப்பாவுக்குப் பழகிய மரம்தான் முதலில் நின்றது. சீமைக் கருவேலம். தில்லியில் விலாயதி கீக்கர் என்கிறார்கள். அமெரிக்கக் கண்டங்களைச் சேர்ந்த மரம். தமிழகத்துக்கு 19ஆம் நூற்றாண்டிலேயே வந்துவிட்டது. வறண்ட மலைமுகட்டைப் பசுமையாக்க வேண்டும் என்று ஆங்கிலேயர்கள் இங்கே கொண்டுவந்து பரப்பினார்கள். நம் ஊரில் சென்னை உயர் நீதிமன்றம் வரை வழக்குக்குப் போன அதே மரம், இங்கே சரணாலயத்தின் பெரும்பகுதியைப் பிடித்து வைத்திருக்கிறது. வழிகாட்டி அதைத் தூற்றிவிட்டு நகர்ந்துவிடவில்லை. அதன் நிழலில் வேறு செடி ஏன் முளைப்பதில்லை என்பதை மண்ணைக் காட்டி விளக்கினார். உதிர்ந்த இலையிலிருந்து மண்ணில் இறங்கும் பொருட்கள் மற்ற விதைகளின் முளைப்பைத் தடுக்கின்றன என்றார். பிறகு கொஞ்ச தூரத்தில் தப்பிப் பிழைத்த பழைய மரங்களைக் காட்டினார். இலந்தை இருந்தது, வெள்வேலம் இருந்தது, பாறைச் சரிவில் தாவ் மரங்கள் இருந்தன. வெள்வேலத்தின் வெளுத்த பட்டையைத் தடவிப் பார்த்து, இது நம் ஊர் மரம் தம்பி, இதை எதற்கு இவ்வளவு தூரத்தில் வைத்திருக்கிறீர்கள் என்று அப்பா கேட்டார். அது இங்கேயும் சொந்த ஊர்க்காரன்தான் ஐயா என்றார் அந்தப் பிள்ளை. திண்டுக்கல் பக்கம், தில்லியில் ஆராய்ச்சிப் படிப்பு. பறவைப் பெயர் ஒன்றைக்கூட அவர் நாலு மொழியில் அடுக்கி மிரட்டவில்லை. முக்குளிப்பான் என்றார், நீர்க்காகம் என்றார், கம்புள் கோழி என்றார். பிள்ளைகள் உடனே பிடித்துக்கொண்டார்கள்.

சிறுத்தை பற்றி ஒரு வார்த்தை. குழுவின் விளம்பரப் படத்தில் சிறுத்தைதான் முதலில் நிற்கிறது. இந்தச் சரணாலயத்தில் சிறுத்தை இருப்பது உண்மை, தானியங்கிக் கேமராக்களில் பதிவாகியிருக்கிறது. ஆனால் இருபத்தைந்து பேர் பேசிக்கொண்டு நடக்கும் பாதையில் அது வராது. வரவும் வேண்டாம். அந்தப் படத்தை எடுத்துவிட்டுத் தும்பி ஒன்றைப் போட்டால் விளம்பரம் நேர்மையாக இருக்கும்.

பெரிய ஏரிக்கு வந்து சேர்ந்தபோது எல்லோரும் ஒரு கணம் பேச்சை நிறுத்தினோம். மூன்று பக்கமும் செங்குத்தான சிவந்த பாறைச் சுவர், நடுவே அசையாத பச்சை நீர். அழகுதான், மறுக்கவில்லை. ஆனால் உயிரியல் கண்ணோடு பார்த்தால் இது கொஞ்சம் கடினமான வீடு. குளத்தின் உயிர்கள் பெரும்பாலும் ஓரத்தில்தான் வாழ்கின்றன. முழங்கால் ஆழ நீர், வெயில் அடி வரை எட்டும் இடம், சம்பும் கோரையும் வேர் பிடிக்கும் சேறு. சுரங்கப் பள்ளத்துக்கு அந்த ஓரமே கிடையாது, சுவர் நேராக இறங்கிவிடுகிறது. சுற்றுச்சுவர் காற்றையும் தடுப்பதால் நீர் மேலும் கீழுமாகக் கலப்பது குறைவு. கோடையில் மேலே சூடான நீர் மிதக்கும், கீழே குளிர்ந்த நீர் அடங்கிக் கிடக்கும், அடியில் பிராணவாயு குறையும். இதையெல்லாம் வழிகாட்டி சொல்லத் தொடங்கினார். முடிக்க விடவில்லை. ஏனென்றால் சிற்றுண்டி வந்துவிட்டது.

சிற்றுண்டியாக உருளைக்கிழங்கு வைத்த பிரெட். அதன் ஓரங்களைப் பிய்த்து யாரோ நீரில் போட்டார்கள். கறுப்பாக ஒரு மீன் கூட்டம் மேலே வந்து அடித்துக்கொண்டது. அவ்வளவுதான், எல்லோரும் போடத் தொடங்கினார்கள். தடுக்க வேண்டிய ஒருங்கிணைப்பாளர் பிள்ளைகளை வரிசையாக நிறுத்தி, போடச் சொல்லிப் படம் எடுத்தார். வழிகாட்டி இருமுறை வேண்டாம் என்றார். யாரும் காதில் வாங்கவில்லை. நான் அங்கேயே என் எதிர்ப்பைச் சொன்னேன், இங்கேயும் சொல்கிறேன். இது புண்ணியமும் அல்ல, விளையாட்டும் அல்ல. இந்தப் பள்ளத்துக்கு மழையும் ஊற்றும் வரவு, வெயில் மட்டும்தான் பெரிய செலவு. ஆற்றைப் போல ஒரு பக்கம் வந்து மறுபக்கம் போகும் நீர் இல்லை. உள்ளே விழுந்தது உள்ளேயே கிடக்கும். பிரெட் அழுகி உரமாகும், உரத்தைத் தின்று பாசி பெருகும், பாசி மடிந்து அழுகும்போது நீரில் இருக்கும் கொஞ்சப் பிராணவாயுவும் போகும். ஒரு ஞாயிற்றுக்கிழமைத் துண்டுகளால் ஏரி சாகாது. ஆனால் ஒவ்வொரு ஞாயிறும் ஒரு வேன் வருகிறது. குரங்குக்கு வாழைப்பழம் கொடுக்காதீர்கள் என்று வாசலில் எச்சரித்த அதே ஒருங்கிணைப்பாளர், மீனுக்குப் பிரெட் போடச் சொன்னது எனக்குப் பெரிய வருத்தம்.

அந்த மீன்கள் எப்படி வந்தன என்பதையும் கேட்க வேண்டும். எந்த ஆறும் தொடாத குழிக்கு மீன் தானாக நடந்து வராது. இப்படிப்பட்ட குட்டைகளில் மீன் இருந்தால் பெரும்பாலும் யாரோ கொண்டுவந்து விட்டதுதான். வளர்க்க விட்டிருக்கலாம், கொசுவுக்கு விட்டிருக்கலாம், நேர்த்திக்கடனுக்கும் விட்டிருக்கலாம். கொசுவை ஒழிக்க நாடெங்கும் நீர்நிலைகளில் விடப்பட்ட கம்பூசியா என்ற வட அமெரிக்க மீன், கொசுப்புழுவோடு தலைப்பிரட்டையையும் தும்பியின் குஞ்சுகளையும் சேர்த்தே தின்கிறது. தும்பியின் குஞ்சும் தலைப்பிரட்டைகளில் சிலவும் கொசுப்புழுவைத் தின்கிறவைதான். மீன் நுழைந்த குட்டையில் அந்தப் பழைய காவலர்கள் குறைந்துபோகிறார்கள்.

இதற்குப் பிறகு, திரும்பும் வழியில், பாதையை விட்டுச் சற்று விலகி இன்னொரு பள்ளத்துக்குக் கூட்டிப்போனார்கள். அகலம் ஒரு வீட்டு முற்றம் அளவுகூட இருக்காது. மழை முடியும் செப்டம்பர் என்பதால் இடுப்பளவு நீர் நின்றது. மார்கழிக்கு முன்னால் வற்றிவிடும் என்றார் வழிகாட்டி. பலரும் எட்டிப் பார்த்துவிட்டு வேனை நோக்கி நடந்துவிட்டார்கள். நானும் அப்பாவும் ஐந்தாறு பிள்ளைகளும் உட்கார்ந்துவிட்டோம். இந்த நடையில் கொடுத்த பணம் முழுவதும் எனக்குத் திரும்பக் கிடைத்தது இங்கேதான்.

ஒரு பக்கம் பாறை சரிந்து மெல்லிய சாய்வாக நீருக்குள் இறங்கியது. சரணாலயத்திலிருந்து எதையும் எடுக்கக் கூடாது என்பதால் வலையும் இல்லை, டப்பாவும் இல்லை. வழிகாட்டி தன் தொலைநோக்கியைத் தலைகீழாகத் திருப்பி, பெரிய கண்ணாடியில் கண்ணை வைத்து, சின்னக் கண்ணாடியைப் பார்க்க வேண்டிய பொருளுக்கு மிக அருகில் கொண்டுபோகச் சொன்னார். உருப்பெருக்கிக் கண்ணாடி தயார். ஒரு கோரைத் தண்டில், நீருக்கு ஒரு சாண் மேலே, மண் நிறத்தில் ஏதோ பற்றிக்கொண்டிருந்தது. தும்பி உரித்துவிட்டுப் போன தோல். ஆறு கால்களும் தண்டை இறுகப் பிடித்த பிடி இன்னும் தளரவில்லை. முதுகில் நீளவாக்கில் ஒரு பிளவு. அந்தப் பிளவிலிருந்து வெள்ளை நூல் போலச் சில இழைகள் வெளியே நீட்டிக்கொண்டிருந்தன. அது என்ன அக்கா, சொல்லுங்கள் பார்க்கலாம் என்றார் வழிகாட்டி. எனக்குத் தெரியும், பிள்ளைகளுக்காகக் காத்திருந்தேன். ஒரு சிறுமி சிலந்தி வலை என்றாள். அவை மூச்சுக் குழல்களின் உள் தோல். பூச்சி தோலுரிக்கும்போது வெளித்தோல் மட்டுமல்ல, உடம்புக்குள் காற்று போன குழாய்களின் உட்பூச்சும் உருவிக்கொண்டு வந்துவிடுகிறது. வகுப்பறையில் கரும்பலகையில் படம் போட்டுச் சொன்னதை அந்தச் சிறுமி கண்ணுக்கு இரண்டு அங்குல தூரத்தில் பார்த்தாள். முகத்தை எடுக்கவே இல்லை.

தலைக்கு மேலே மஞ்சள் தும்பிகள் பறந்துகொண்டிருந்தன. மழையோடு கூட்டமாக வருமே, உட்காராமல் சுற்றிக்கொண்டே இருக்குமே, அதுதான். அறிவியல் பெயர் பன்டாலா ஃபிளாவெசென்ஸ். இந்தியாவிலிருந்து இந்தியப் பெருங்கடலைக் கடந்து ஆப்பிரிக்கா வரை போகும் பூச்சி. அதற்கு ஏன் இந்தச் சிறிய பள்ளம் வேண்டும்? நீர் சீக்கிரம் வற்றும் இடத்தில்தான் மீன் இருக்காது. முட்டை பொரிந்து, நீருக்குள் வேட்டையாடி வளர்ந்து, இறக்கை முளைத்து வெளியேற அதற்குச் சில வாரங்களே போதும். வற்றுவதற்குள் பறந்துவிடும். அதன் குஞ்சு பார்ப்பதற்கு மந்தமாகச் சேற்றில் கிடக்கும். ஆனால் கீழுதட்டை முகத்தின் அடியில் மடித்து வைத்திருக்கும். இரை அருகில் வந்தால் அந்த உதடு பாய்ந்து நீண்டு பிடித்து இழுத்துவிடும்.

தவளைகளின் கணக்கும் இதேதான். முதல் பெருமழைக்கு மஞ்சளாக நிறம் மாறி, நீல நிறக் குரல்பையை உப்பிக் கத்தும் பெரிய தவளைகளுக்கு, மீன் இல்லாத புது நீர்தான் பிரசவ அறை. பாறையில் படிந்த பாசியைச் சுரண்டிக்கொண்டிருந்த தலைப்பிரட்டைகளுக்குப் பின்னங்கால் முளைத்திருந்தது. வற்றிப்போவது இந்தக் குட்டைக்கு நோய் அல்ல. வற்றுவதால்தான் இது இவ்வளவு உயிரோடு இருக்கிறது. குட்டை வற்றிவிட்டதே என்று பரிதாபப்பட்டுக் குழாய் போட்டு நிரப்ப நினைக்கும் நல்ல மனிதர்கள் தயவுசெய்து இதைக் கேட்க வேண்டும்.

அப்பா அப்போது தன் ஊர் ஏரியைப் பற்றிச் சொன்னார். சித்திரையில் ஏரி வற்றினால் வெடித்த சேற்றைத் தோண்டிக் கொட்டிக்கிழங்கு எடுத்து அவித்துத் தின்போம், எடுத்தது போக மிஞ்சிய கிழங்கு மழைக்குத் தானே முளைத்து நீர் முழுக்க இலை பரப்பிவிடும் என்றார். வழிகாட்டி அதைக் கேட்டதும் தன் கைபேசியில் ஒரு மஞ்சள் பூவின் படத்தைக் காட்டினார். ஹெலேனியம் வர்ஜினிகம். அமெரிக்காவில் வர்ஜினியா மாநிலத்தின் ஷெனான்டோ பள்ளத்தாக்கில், காட்டுக்குள் இருக்கும் அமிழ்குழிக் குட்டைகளின் ஓரத்தில் வளரும் செடி. அங்கே பள்ளத்தை மனிதர் தோண்டவில்லை. காற்றிலும் மண்ணிலும் இருக்கும் கரியமில வாயுவைக் கரைத்துக்கொண்டு மழைநீர் மெல்லிய அமிலமாகி, அடியில் இருக்கும் சுண்ணாம்புப் பாறையைக் காலகாலமாக அரித்து, மேலே இருக்கும் நிலம் அமிழ்ந்து உருவான பள்ளங்கள் அவை. நம் அரியலூர்ப் பாறை கரையும் இனம், அசோலாவின் குவார்ட்சைட் அப்படிக் கரையாது என்று அப்பாவுக்கு அவர் எடுத்துச் சொன்னது எனக்குப் பிடித்திருந்தது. அந்தக் குட்டைகளில் குளிர்காலத்திலும் வசந்தத்திலும் நீர் ஏறும், கோடையில் இறங்கும். ஏறும்போது காட்டு மரங்களின் கன்றுகள் மூழ்கிச் சாகும். ஹெலேனியம் மட்டும் நீருக்கடியில் இலை வட்டத்தோடு பொறுத்திருந்து, நீர் இறங்கியதும் தண்டு விட்டுப் பூக்கும். நீர் ஏறாவிட்டால் மரங்கள் வந்து நிழலில் அதை அழுத்திவிடும். எப்போதும் நீர் நின்றாலும் அதற்கு வாழ்வு இல்லை. அமெரிக்க அரசு 1998இல் அதை அருகிவரும் தாவரங்களின் பட்டியலில் சேர்த்தது. மிசௌரி மாநிலத்தின் ஓசார்க் மலைப்பகுதியிலும் அதே செடி இருக்கிறது. அங்கேயும் ஏறி இறங்கும் நீரோரம்தான். பாதுகாப்பு என்றால் வேலி மட்டும் போதாது, நீர் ஏறி இறங்கும் அந்த முறையையும் காக்க வேண்டும் என்று அவர் சொன்னபோது அப்பா தலையசைத்தார். ஏரிப் பாசனக்காரருக்கு இதைப் புதிதாகச் சொல்லித் தர வேண்டியதில்லை.

இவ்வளவையும் அந்த இளைஞர் பத்து நிமிடத்துக்குள் சொல்ல வேண்டியிருந்தது. வேனிலிருந்து ஹாரன் அடித்துக்கொண்டே இருந்தார்கள். எனக்கு அந்த ஹாரன்மேல்தான் கோபம், வேறு எதன்மேலும் இல்லை.

என்னுடைய யோசனை இது. குழுவுக்கும் இதையே எழுதினேன். பெரிய ஏரிக்கு இருபது நிமிடம் போதும். சிற்றுண்டியை வேன் அருகில் கொடுத்துவிட்டால் பிரெட் நீருக்கே வராது. சிறிய பள்ளத்துக்கு ஒரு முழு மணி நேரம் வேண்டும், பன்னிரண்டு பேருக்கு மேல் வேண்டாம். விளிம்பில் நிறையப் பேர் நின்றால் ஈரச் சேறு மிதிபட்டு, அதில் ஒதுங்கியிருக்கும் குட்டித் தவளைகள் நசுங்கும். ஆள் குறைவதால் கட்டணத்தை 900 ஆக்கினாலும் நான் கொடுப்பேன். தமிழ் வழிகாட்டிக்குத் தனியாக ஏதாவது கூடுதலாகக் கொடுக்கிறார்களா என்றும் கேட்டேன். கொடுக்க வேண்டும். இரண்டு நாளில் பதில் வந்தது. சிற்றுண்டியை வாசலுக்கு மாற்றுவதாக ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். ஆள் எண்ணிக்கை பற்றி யோசிப்பதாகச் சொல்லியிருக்கிறார்கள்.

போகிறவர்களுக்கு: ஆகஸ்ட் கடைசியிலிருந்து அக்டோபர் முதல் வாரம் வரை போங்கள். மே மாதம் வெயிலில் சிறிய பள்ளம் வெடித்த சேறாக இருக்கும், வயதானவர்களுக்கு நடையும் ஆகாது. பாதை பெரும்பாலும் சமதளம், எழுபதைத் தாண்டிய அப்பா கைத்தடியோடு நடந்து வந்தார். ஏரிக்கு ஏறும் சரிவில் மட்டும் கை கொடுக்க ஆள் வேண்டும். கணுக்காலை மூடும் காலணி போடுங்கள், சீமைக் கருவேல முள் சாதாரணச் செருப்பைத் துளைத்துவிடும். தண்ணீர் நீங்களே எடுத்துப் போங்கள், அவர்கள் தரும் சிறு பாட்டில் போதாது. பதிவு செய்யும்போதே தமிழ் வழிகாட்டி வேண்டும் என்றும், சிறிய பள்ளத்தில் உட்கார நேரம் வேண்டும் என்றும் எழுத்தில் கேட்டு வாங்குங்கள். வீட்டில் பழைய தொலைநோக்கி இருந்தால் அதையும் எடுத்துக்கொள்ளுங்கள். பிள்ளைகள் ஐந்தாறு பேர் இருந்தால் ஒன்று போதாது.